சூட்டர் என்றால் செருப்பு தைக்கிறவர்

எடின்பரோவில் வேலைக்குச் சேர்ந்த முதல் வாரம். வரவேற்பறையில் இருந்த பெண் எங்கள் அறைக்குள் எட்டிப் பார்த்து, "மிஸ்டர் ஸ்கூட்டர் இருக்கிறாரா?" என்று கேட்டாள். அப்படித்தான் என் காதில் விழுந்தது. பக்கத்து மேசைக்காரர் எழுந்து போனார். ஐம்பது வயதைத் தாண்டியவர், கொஞ்சம் பருமன், எதற்கும் அவசரப்படாதவர். இவருக்கு யார் ஸ்கூட்டர் என்று பட்டப்பெயர் வைத்திருப்பார்கள் என்று இரண்டு நாள் யோசித்தேன். மூன்றாம் நாள் அவருடைய அடையாள அட்டை கண்ணில் பட்டது. எஸ், ஓ, யூ, டி, ஏ, ஆர். சூட்டர். சட்டையில் வருகிற 'ச' மாதிரி மென்மையாகச் சொல்ல வேண்டும்.

"துப்பாக்கி சுடுகிற பரம்பரையா?" என்று கேட்டேன். அவர் சிரித்துவிட்டு வலது காலைத் தூக்கிக் காட்டினார். இணையத்தில் வாங்கிய சாம்பல் நிற ஓட்டக் காலணி. "செருப்பு தைக்கிறவன் என்று அர்த்தம். பழைய ஸ்காட்ஸ் வார்த்தை. எனக்குத் தெரிந்து என் வீட்டில் மூன்று தலைமுறையாக யாரும் ஊசியைக் கையில் எடுத்ததில்லை. என் சட்டைப் பொத்தானையே நான் தைக்க மாட்டேன்."

எனக்குச் சொற்களைத் துரத்துகிற வியாதி உண்டு. அன்று மாலையே ஆரம்பித்துவிட்டது.

முதலில் எழுத்தைச் சொல்லிவிடுகிறேன். எஸ்-ஓ-யூ-டி-இ-ஆர் என்று எழுதுகிறவர்களும் உண்டு, ஏ-ஆர் என்று முடிக்கிறவர்களும் உண்டு. ஸ்காட்லாந்தின் கிழக்கே டண்டி, ஆங்கஸ், பெர்த் பக்கம் இந்தக் குடும்பப் பெயர் சகஜம். பெர்த்தில் பிறந்த வில்லியம் சூட்டர் (1898-1943) ஸ்காட்ஸ் மொழியில் எழுதிய முக்கியமான கவிஞர்களில் ஒருவர். அமெரிக்க உச்சநீதிமன்றத்தில் 1990 முதல் 2009 வரை இருந்த நீதிபதி டேவிட் சூட்டரின் பெயரும் இதே சொல்தான். சுவிஸ் வம்சாவளியினரான ஜான் சட்டரின் மர அறுப்பு ஆலைப் பக்கம்தான் 1848-ல் கலிபோர்னியாவின் தங்கம் முதலில் கண்ணில் பட்டது. அந்தச் 'சட்டர்' ஜெர்மன் வழியாக வந்தது, ஆனால் வேர் இதே வேர். நீதிபதி, கவிஞர், தங்கத்தின் வாசலில் நின்றவர் எல்லாருடைய பெயருக்கும் பின்னால் யாரோ ஒருவர் தோலும் ஊசியுமாக உட்கார்ந்திருக்கிறார்.

சொல் எங்கிருந்து வந்தது? பழைய ஆங்கிலத்தில் 'சூத்தெரெ'. அது லத்தீன் 'சூத்தோர்' என்பதிலிருந்து எடுத்தது. 'சூத்தோர்' வந்தது 'சுவெரெ' என்ற வினைச்சொல்லிலிருந்து. அதற்குப் பொருள் தைப்பது. அவ்வளவுதான். கவனித்துப் பாருங்கள், இதில் செருப்பும் இல்லை, தோலும் இல்லை, காலும் இல்லை. வெறும் 'தைக்கிறவர்'. ரோமில் துணி தைக்கிறவர்களும் இருந்தார்கள். ஆனாலும் 'தைக்கிறவர்' என்று மொட்டையாகச் சொன்னால் அது செருப்பு தைக்கிறவரைத்தான் குறித்தது.

ஆங்கிலேயர்களுக்குச் சொந்தமாக வேறு சொல் இல்லாமல் இல்லை. 10ஆம் நூற்றாண்டின் கடைசியில் அல்ஃப்ரிக் என்ற துறவி, மடத்துப் பையன்களுக்கு லத்தீன் பேசப் பழக்குவதற்காக ஓர் உரையாடல் எழுதினார். உழவன், மேய்ப்பன், மீனவன் என்று ஒவ்வொருவராக வந்து தன் தொழிலைச் சொல்வார்கள். அதில் ஒரு சூத்தோரும் வருகிறார். தோல் வாங்கிப் பதப்படுத்தி விதவிதமான செருப்பு செய்கிறேன், கடிவாளமும் தோல் குடுவையும் பையும் செய்கிறேன், என் தொழில் இல்லாமல் உங்களில் எவனும் பனிக்காலத்தைக் கழிக்க விரும்ப மாட்டான் என்று சவால் விடுகிறார். அந்த வரிகளுக்கு மேலே யாரோ பழைய ஆங்கிலத்தில் பொருள் எழுதிவைத்திருக்கிறார்கள். 'சூத்தோர்' என்ற இடத்தில் அவர்கள் எழுதியது 'ஷூ செய்கிறவன்' என்று பொருள்படும் உள்ளூர்ச் சொல். ஆக, இரண்டு சொல்லும் புழங்கிய காலம் அது. ஒன்று பொருளை வைத்து, மற்றது கைவேலையை வைத்து.

14ஆம் நூற்றாண்டு இங்கிலாந்திலும் சூட்டர் உயிரோடுதான் இருந்தார். கவிஞர் சாசரின் 'கேன்டர்பரி கதைகளில்' வருகிற விடுதிக்காரர், சூட்டரிலிருந்து மருத்துவனையும் மாலுமியையும் உண்டாக்குவது பிசாசின் வேலை என்று எரிச்சல்படுகிறார். அதே நூற்றாண்டில் லாங்லண்டின் நெடுங்கவிதையில் வருகிற சாராயக் கடையில், பெஞ்சில் உட்கார்ந்திருக்கிறவர்களைப் பட்டியல் போடும்போது முதல் ஆளே ஒரு பெண். செஸ் என்ற 'சூட்டரெஸ்', அதாவது செருப்பு தைக்கிறவள். எனக்கு இந்த ஒரு சொல் பிடித்துப்போனது. பெண்பால் விகுதி ஒட்டுகிற அளவுக்கு அந்தத் தொழிலில் பெண்கள் இருந்திருக்கிறார்கள்.

அப்புறம் தெற்கே அந்தச் சொல் மெல்லத் தேய்ந்தது. வடக்கே தங்கிவிட்டது. ஸ்காட்ஸ் மொழி ஆங்கிலத்தின் கொச்சை என்று நினைக்கிறவர்கள் நிறையப் பேர், லண்டனில் மட்டுமல்ல, எடின்பரோவிலும் உண்டு. பழைய ஆங்கிலத்தின் வடக்குக் கிளையிலிருந்து தனியாக வளர்ந்தது அது. தெற்கே தொலைந்ததில் பலதும் அங்கே பத்திரமாக இருக்கிறது. அக்கா வீட்டுப் பரணில் அம்மாவின் பித்தளைப் பாத்திரம் கிடைக்கிற மாதிரி.

எடின்பரோ நகரத்தின் தொழில் சங்கப் பதிவுகளில் மட்டும் சூட்டர் என்று எழுதமாட்டார்கள். அங்கே 'கார்டினர்' என்று போடுவார்கள். ஸ்பெயினின் கோர்டோபா நகரத்துத் தோலுக்குப் பெரிய பேர் இருந்த காலத்தில் பிரெஞ்சு வழியாக வந்த சொல் அது. கேனன்கேட் தெருவில் 1677-ல் கார்டினர்கள் கட்டிய கட்டடம் இன்னும் நிற்கிறது. கல்லில் தோல் வெட்டுகிற பிறைக் கத்தியும் அதன் மேல் ஒரு கிரீடமும் செதுக்கியிருக்கும். தெருவில் போகிறவர்கள் அரண்மனையைப் பார்க்கிற அவசரத்தில் அதைக் கவனிப்பதில்லை. நானும் இரண்டு வருடம் கவனிக்காமல்தான் போய்வந்துகொண்டிருந்தேன். கார்டினர் என்பது வாங்கும் தோலை வைத்து வந்த பெயர், கொஞ்சம் மிடுக்கான பெயர். சங்கத்துக்கு அது. சந்தையிலும் சாராயக் கடையிலும் அதே ஆள் சூட்டர்தான்.

தைப்பதை வைத்து ஏன் பெயர் வந்தது என்பது, அந்தக் காலத்தில் எப்படித் தைத்தார்கள் என்று பார்த்தபோதுதான் புரிந்தது. பசை போட்டு ஒட்டுகிற காலணியில் வளர்ந்தவர்கள் நாம். அன்றைய காலணியில் மேல்தோலையும் அடித்தோலையும் சேர்த்துப் பிடிப்பது நூல் ஒன்றுதான். தையல் விட்டால் காலணி போச்சு.

அந்த நூலுக்கு ஸ்காட்ஸில் 'லிங்கிள்' என்று பெயர். சணல் இழைகள் சிலவற்றைச் சேர்த்து முறுக்கி, நுனிப் பக்கம் இழைகளைக் குறைத்துக் குறைத்து எலிவால் மாதிரி மெலிதாக்குவார்கள். பிறகு பைன் பிசினும் மெழுகும் கலந்த உருண்டையில் தேய்ப்பார்கள். அந்தப் பிசினுக்கு 'ரோசட்'. ரோசட் ஏறிய நூல் தண்ணீரில் அழுகாது, போட்ட இடத்தில் வழுக்காமல் பிடித்துக்கொள்ளும். துளை போடும் குத்தூசிக்கு 'எல்ஷின்', டச்சுக்காரர்கள் பக்கமிருந்து வந்த சொல். மடியில் வைத்துத் தோலை அடிப்பதற்கு வழவழப்பான ஒரு கல், 'லாப்ஸ்டேன்', அதாவது மடிக்கல்.

இனிமேல் சொல்லப்போவதுதான் எனக்கு ஆச்சரியம். நூலைத் துளைக்குள் நுழைக்க அவர்கள் ஊசி வைத்துக்கொள்வதில்லை. பன்றி முடி. காட்டுப்பன்றியின் முதுகில் இருக்கிற நீளமான, விறைத்த முடி. அதற்கு 'பிர்ஸ்' என்று பெயர். முடியின் ஒரு பாதியை இரண்டாகப் பிளந்து, மெலிந்த நூல் நுனியை அதற்குள் வைத்து முறுக்கிக் கட்டுவார்கள். நூலின் இரண்டு முனைக்கும் ஒவ்வொரு முடி. வளைந்த குத்தூசி தோலுக்குள் வளைவாகத் துளை போடும். இரும்பு ஊசி அந்த வளைவில் திரும்பாது, பன்றி முடி வளைந்து வெளியே வந்துவிடும். இந்தப் பக்கமிருந்து ஒரு முடி, அந்தப் பக்கமிருந்து ஒரு முடி, ஒரே துளையில் இரண்டும் எதிரெதிராகப் போகும். பிறகு இரண்டு கையையும் அகல விரித்து ஓர் இழுப்பு. ஒரு பக்கம் நூல் அறுந்தாலும் மறுபக்கத்து நூல் தையலைப் பிடித்துக்கொள்ளும். துளை போட ஒரு கை, தோலைப் பிடிக்க ஒரு கை என்றால் பன்றி முடி எங்கே இருக்கும்? உதட்டிடுக்கில். நாள் முழுக்க. இந்த உதட்டு விஷயத்தை மறந்துவிடாதீர்கள், பின்னால் வரும்.

இதையெல்லாம் பக்கத்து மேசைக்காரரிடம் சொன்னேன். "வாயில் பன்றி முடியா?" என்றார். மூதாதையர்மேல் இருந்த பிரியம் அன்று சற்றுக் குறைந்த மாதிரி இருந்தது.

வேருக்கு வருகிறேன். 'தை' என்ற பொருளில் சுவெரெ என்கிறது லத்தீன். ஆங்கிலத்தின் சொந்தச் சொல்லான 'ஸோ' அதன் உடன்பிறப்பு. ஆங்கிலம் ஒரே வேரை இரண்டு வாசல் வழியாக உள்ளே விட்டிருக்கிறது. வேலைக்குத் தன் வீட்டுச் சொல், வேலைக்காரருக்கு லத்தீன் சொல். மருத்துவமனையில் காயத்துக்குப் போடுகிற 'சூச்சர்' மூன்றாவது வாசல். ஜெர்மனியில் செருப்பு தைக்கிறவர் 'ஷுஸ்டர்'. பிரித்தால் 'ஷு'வும் பழைய 'சூத்தெர்' என்பதும், அதாவது 'செருப்புத் தைப்பவர்'. பின்லாந்தில் இன்றைக்கும் செருப்புக் கடையில் பழுது பார்க்கிறவர் 'சூத்தாரி'. அதே சொல்லுக்கு அங்கே வெடிக்காத பட்டாசு என்றும் பொருள் உண்டு, ஒரு குளத்து மீனுக்கும் அதுதான் பெயர். ஸ்வீடனில் தைக்கிறவர் மறைந்தே போய், 'சூத்தாரெ' என்றால் இப்போது அந்த மீன் மட்டும்தான். ஒரு சொல் பிழைத்துக்கொள்ள எந்த வேஷமும் போடும் போல.

சமஸ்கிருதத்தில் 'சீவ்யதி' என்றால் தைக்கிறான். இந்தியில் 'சூயி' ஊசி, 'சிலாய்' தையல். அந்தத் தையல் குடும்பத்தில் பிறந்ததுதான் 'சூத்ர', நூல். நூல் போலச் சுருக்கமாக, ஒரே இழையாகக் கருத்தைக் கோத்துச் சொல்வதால் இலக்கண வாக்கியமும் சூத்ரம் ஆனது. அங்கிருந்து நம்மிடம் வந்ததுதான் சூத்திரம். பள்ளிக்கூடத்தில் இருபடிச் சமன்பாட்டுச் சூத்திரத்தைத் தலைகீழாக மனப்பாடம் செய்தேனே, அதுவும் என் சக ஊழியரின் குடும்பப் பெயரும் தூரத்துச் சொந்தம். (நான்கு வருணத்தில் வருகிற சொல் வேறு. தமிழில் எழுதும்போது ஒரே எழுத்தாகிவிடுவதால் குழம்பிவிடக் கூடாது.)

இந்த இடத்தில் ஓர் எச்சரிக்கை. சூட்டர் என்றதும் 'சூட்டு' என்ற தமிழ் வினையை இழுத்து வந்து, காலில் சூட்டுவதால் சூட்டர், ஆகவே ஸ்காட்லாந்துக்காரர்கள் பேசியது தமிழ் என்று வாட்ஸப்பில் ஒரு செய்தி சுற்றினால் நான் ஆச்சரியப்பட மாட்டேன். தயவுசெய்து அதற்கு என்னைச் சாட்சி சொல்லக் கூப்பிடாதீர்கள். காதுக்கு ஒன்றுபோலக் கேட்பது ஆதாரம் ஆகாது. எந்த நூற்றாண்டில், எந்த ஊர் வழியாக, எந்த எழுத்து மாறி வந்தது என்று தையல் தையலாகக் காட்ட வேண்டும். சூட்டருக்கு அப்படிக் காட்ட முடிகிறது, அதுதான் அந்தச் சொல்லின் அழகு.

உறவு இல்லாமலே ஒரே மாதிரி யோசித்திருக்கிறோம் என்பது வேறு விஷயம், எனக்கு அதுதான் இன்னும் சுவாரசியம். தமிழில் யாராவது 'செருப்பு செய்கிறவர்' என்கிறோமா? 'பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் செருப்பு தைக்கிறவர் இருப்பார், அவரிடம் கொடு' என்றுதான் சொல்கிறோம். ரோமில் இருந்தவனும் ஜெர்மானியனும் நம் தெருக்காரரும் செருப்பைப் பார்க்காமல் கையைப் பார்த்துப் பெயர் வைத்திருக்கிறார்கள். சூத்ரத்துக்கு இழை என்றும் இலக்கணம் என்றும் பொருள் உள்ளது போலவே, நமக்கு நூல் என்றால் நூலும்தான், புத்தகமும்தான். நன்னூலின் பாயிரத்தில் இதற்கு விளக்கமே உண்டு. சொல்தான் பஞ்சு, செய்யுள்தான் இழை, புலவர்தான் நூற்கும் பெண், அவருடைய வாய்தான் கை, அறிவுதான் கதிர் என்று.

ஒரு ஜூன் மாதச் சனிக்கிழமை செல்கர்க்குக்குப் போனேன். எடின்பரோவிலிருந்து தெற்கே எக்ஸ் 95 பேருந்து. எட்ரிக் ஆற்றுக்கு மேலே மேட்டில் ஏறி உட்கார்ந்திருக்கிற சின்ன ஊர். இந்த ஊரில் பிறந்த எவருக்கும் பெயர் சூட்டர்தான். வங்கி மேலாளரும் சூட்டர், பள்ளி ஆசிரியையும் சூட்டர். ஒரு காலத்தில் ஊரே செருப்பு தைத்துப் பிழைத்ததன் மிச்சம் அது. செல்கர்க் செருப்புக்கு ஒற்றை அடித்தோல். ஊர்ப் பாட்டில் அதையே பெருமையாகச் சொல்லிக்கொள்கிறார்கள். 1745-ல் பிரிட்டிஷ் அரியணைக்கு உரிமை கோரி இளவரசர் சார்லஸ் படை திரட்டி எடின்பரோவைப் பிடித்தபோது நகரத்திடம் 6,000 ஜோடி காலணி கேட்டார். செல்கர்க்கின் பங்காக 2,000 ஜோடி போனதாக ஊர் வரலாறு சொல்கிறது. அந்தக் காலணிகளோடு நடந்த படை அடுத்த ஏப்ரலில் கல்லோடனில் தோற்றது. பணம் வந்து சேர்ந்ததா என்று கேட்க எனக்கு ஆசை.

ஊரின் பெரிய துக்கம் அதற்கும் முந்தையது. 1513 செப்டம்பர் 9, ஃபிளாடன் போர். ஸ்காட்லாந்து அரசர் நான்காம் ஜேம்ஸ் களத்திலேயே இறந்தார். செல்கர்க்கிலிருந்து போனவர்கள் எண்பது பேர், திரும்பியது ஃபிளெட்சர் என்ற ஒரே ஆள் என்பது கதை. பிடித்து வந்த ஆங்கிலேயக் கொடியைப் பேச்சு வராமல் தலைக்கு மேல் சுழற்றித் தரையோடு சாய்த்தான், எல்லாரும் வெட்டுண்டார்கள் என்று சொல்ல. அந்தச் சைகையைத்தான் ஒவ்வொரு ஜூனிலும் ஊர் எல்லையைக் குதிரையில் சுற்றி வருகிற திருவிழாவில், சந்தைத் திடலில் கொடி வீசிக் காட்டுகிறார்கள். ஃபிளெட்சருக்கு 1913-ல் சிலை வைத்தார்கள். அந்த ஊர்ப் பாட்டைப் பற்றி மட்டும் இன்னும் சண்டை ஓயவில்லை. ஃபிளாடனைப் பற்றியது என்று ஒரு கட்சி, ஏதோ ஒரு பந்தாட்டத்தைப் பற்றியது என்று இன்னொரு கட்சி. எனக்கு இரண்டுமே சரி என்று தோன்றியது. நம் ஊரிலும் கபடிப் பாட்டையும் போர்ப்பாட்டையும் பிரிக்க முடியாது.

உதட்டு விஷயம் என்றேனே. செல்கர்க் யாருக்காவது மரியாதை செய்து ஊர்க் குடிமகனாக்கும்போது சாவியைக் கையில் கொடுப்பதில்லை. கொடுக்கிற பத்திரத்தின் முத்திரையோடு ஒரு கொத்துப் பன்றி முடியைக் கட்டியிருப்பார்கள். பெரிய மனிதர் அதை ஒயினில் தோய்த்து உதட்டில் வைத்து இழுக்க வேண்டும். 'பிர்ஸை நக்குவது' என்று பெயர். அப்போதுதான் அவர் சூட்டர். 1819-ல் ஜெர்மானிய இளவரசர் லியோபோல்ட் இந்தப் பக்கம் வந்தபோது அவருக்கும் இதே சடங்குதான். பன்னிரண்டு வருடம் கழித்து அவர் பெல்ஜியத்தின் முதல் அரசரானார். 1799-லிருந்து இந்த மாவட்டத்துக்கு ஷெரீஃபாக இருந்தவர் எழுத்தாளர் வால்டர் ஸ்காட். அவர் உட்கார்ந்து வழக்கு விசாரித்த மன்றம் சந்தைத் திடலிலேயே இருக்கிறது.

இந்தச் சடங்கை நினைத்துக்கொண்டு அங்கே ஒரு பெஞ்சில் கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தேன். மழை தூறிக்கொண்டிருந்தது. நம் பக்கம் தோல் தொழில் செய்கிறவருக்கு வைத்திருக்கிற பெயர்களில் எதையாவது மேடையில் ஒரு பெரிய மனிதருக்குச் சூட்டி, அவர் அதைக் கௌரவமாக வாங்கிக்கொள்வதைக் கற்பனை செய்ய முயன்றேன். முடியவில்லை. அந்தப் பெயர்கள் நம்மிடம் வசவாகத்தான் இருக்கின்றன.

ஸ்காட்லாந்தில் மட்டும் சூட்டரை எல்லாரும் தலையில் வைத்துக் கொண்டாடினார்கள் என்றும் சொல்ல முடியாது. சாசரின் எரிச்சலைப் பார்த்தோம். அதற்கும் முன்னால் ரோமானிய எழுத்தாளர் பிளினி சொல்கிற கதை ஒன்று உண்டு. கிரேக்க ஓவியர் அப்பெல்லீஸ் தன் படங்களைத் தெருவில் வைத்துவிட்டுப் பின்னால் ஒளிந்துகொண்டு விமர்சனம் கேட்பாராம். ஒரு செருப்புத் தொழிலாளி, செருப்பில் வார் ஒன்று குறைகிறது என்றார். அப்பெல்லீஸ் திருத்தினார். மறுநாள் அதே ஆள் வந்து காலிலும் குறை சொல்ல ஆரம்பிக்க, ஓவியர் தலையை நீட்டி, சூத்தோர் செருப்புக்கு மேலே போக வேண்டாம் என்றார். எனக்கு இந்தக் கதையில் எப்போதும் அந்தத் தொழிலாளியின் பக்கம்தான். காலைப் பற்றி அவரைவிட யாருக்கு நன்றாகத் தெரியும்? எத்தனை ஆயிரம் காலைத் தொட்டு அளந்திருப்பார்!

1819-ல் ஆங்கில விமர்சகர் ஹேஸ்லிட், அதே லத்தீன் வாக்கியத்திலிருந்து ஒரு நீளமான வசவுச் சொல்லைச் செய்து வில்லியம் கிஃபர்ட் என்ற பத்திரிகை ஆசிரியர்மேல் எறிந்தார். தெரியாத விஷயத்தில் கருத்துச் சொல்கிறவன் என்று பொருள். குத்து எங்கே என்றால், கிஃபர்ட் சிறுவயதில் செருப்புத் தொழிலாளியிடம் வேலை பழகியவர். தாள் வாங்கக் காசில்லாமல் தோல் துண்டுகளை அடித்து வழவழப்பாக்கி, குத்தூசியால் அதன்மேல் கணக்குப் போட்டுப் பழகியதாக அவரே எழுதியிருக்கிறார். கிஃபர்டின் விமர்சனங்கள் கொடூரமானவை, திட்டு வாங்கத் தகுந்தவர்தான். இருந்தாலும் அந்தத் தோல் துண்டுக் கணக்கைப் படித்த பிறகு ஹேஸ்லிட்டின் நகைச்சுவை எனக்கு இனிக்கவில்லை.

செருப்புக்கு மேலே போனவர்கள் பட்டியல் நீளமானது. கை வேலை செய்யும், வாய்க்கும் காதுக்கும் வேலை இல்லை, பட்டறையில் ஒருவர் படிக்க மற்றவர்கள் கேட்டுக்கொண்டே தைக்கலாம். (வாயில் பன்றி முடி இருக்கும்போது வாதாடுவது எப்படி என்பது எனக்கு இன்னும் விளங்கவில்லை.) 1792-ல் லண்டனில், உழைக்கிறவர்களுக்கும் வாக்குரிமை வேண்டும் என்று சங்கம் தொடங்கிய தாமஸ் ஹார்டி, ஸ்காட்லாந்தின் லார்பர்ட்டில் பிறந்து செருப்பு தைத்தவர். இரண்டு வருடம் கழித்து அவர்மேல் தேசத்துரோக வழக்குப் போட்டார்கள். நடுவர்கள் விடுதலை செய்தார்கள்.

எல்லாருக்கும் தெரிந்த சூட்டர் என்றால் ஸ்காட்லாந்துக் கவிஞர் பர்ன்ஸின் சூட்டர் ஜானிதான். 1790-ல் எழுதிய 'டாம் ஓ ஷான்டர்' கவிதையில் டாமுடன் சந்தை நாளில் நள்ளிரவு நெருங்கும்வரை குடிக்கிற நண்பன், தொண்டை எப்போதும் வறண்டவன். ஆயர்ஷையரில் கிர்காஸ்வால்ட் என்ற ஊரில் ஜான் டேவிட்சன் என்ற நிஜச் செருப்புத் தொழிலாளியை வைத்து எழுதியது என்பார்கள். அவருடைய கூரை வேய்ந்த வீட்டைப் பின்னாளில் நினைவு இல்லமாக்கினார்கள்.

அப்புறம் இயந்திரம் வந்தது. 1858-ல் அமெரிக்காவில் லைமன் பிளேக் அடித்தோலைத் தைக்கிற இயந்திரத்துக்குக் காப்புரிமை வாங்கினார். செல்கர்க் அதற்குள் கம்பளி ஆலைகளுக்கு மாறிக்கொண்டிருந்தது. இப்போது அந்த ஊரின் பெயர் வெளியே தெரிவது உலர்திராட்சை போட்ட ஒரு ரொட்டியால். நான் போன அன்று கடைத்தெருவில் செருப்பு தைக்கிற கடை என் கண்ணில் படவில்லை. ரொட்டி இரண்டு வாங்கிக்கொண்டேன். ஒன்று சக ஊழியருக்கு.

கடைசியாக வடக்கே. இன்வர்னஸ் தாண்டி கிரோமார்ட்டி என்ற சின்ன ஊர், புவியியல் அறிஞர் ஹியூ மில்லர் 1802-ல் பிறந்த ஊர். அங்கே கடல் கழிமுகத்துக்குள் நுழைகிற வாயில் இரண்டு பக்கமும் ஒரே மாதிரி இரண்டு பாறை மலைகள், காவலுக்கு நிற்கிற மாதிரி. வடக்குச் சூட்டர், தெற்குச் சூட்டர். கேலிக் மொழியில் அவற்றின் பெயருக்குத் தோல் பதனிடுகிறவர்கள் என்று பொருள். இரண்டு பக்கமும் செருப்பு தைக்கிற அரக்கர்கள் இருந்தார்களாம். இருவருக்கும் சேர்த்துக் கருவிகள் ஒரே ஒரு செட். இவனுக்குக் குத்தூசி வேண்டுமென்றால் அவன் கடலுக்கு மேலே வீசுவான், அவனுக்குச் சுத்தியல் வேண்டுமென்றால் இவன் வீசுவான். நடுவில் ஒரு கிலோமீட்டருக்கு மேல் தண்ணீர். உள்ளே கழிமுகத்தில் இப்போது வேலையில்லாத எண்ணெய்க் கிணற்று மேடைகள் நான்கு கால்களில் நின்றுகொண்டிருக்கும். அரக்கர்களுக்கு ஏற்ற நாற்காலிகள்.

திங்கட்கிழமை இந்தக் கதையை அவரிடம் சொன்னேன். மேசையில் ரொட்டித் துண்டுகள் சிதறியிருந்தன. மென்றுகொண்டே கேட்டுவிட்டு, "இதில் கதை என்ன இருக்கிறது?" என்றார். "எங்கள் வீட்டில் துளை போடுகிற இயந்திரம் ஒன்றுதான். போன பிப்ரவரியிலிருந்து அது என் தம்பி வீட்டில் இருக்கிறது. வீசச் சொன்னால் வீச மாட்டேன் என்கிறான்."